மௌனகாலக் கார்ட்டூன் ஜோடிகள்: ஒருவன் குதிக்கும்போது மற்றவன் ஏன் மரம்போல் நிற்கிறான்?

சுருள்பெட்டி எழுதியது:

பேசாப்படக் காலத்துக் கார்ட்டூன் என்றதும் பேச்சு ஃபீலிக்ஸ் பூனையில் ஆரம்பித்து மிக்கி எலியில் முடிந்துவிடுகிறது. அதற்கெல்லாம் முன்பே அமெரிக்கக் கொட்டகைகளில் வாராவாரம் உதைவாங்கிக்கொண்டிருந்த ஒரு ஜோடியை யாரும் சீண்டுவதில்லை. அதனால் இந்த இழை.

மட் - ஜெஃப். மட் நெட்டை, ஜெஃப் குட்டை. இரண்டு பேருக்கும் மீசை. மட் குதிரைப்பந்தயப் பைத்தியம். ஜெஃப் மொட்டைத் தலையில் உயரத் தொப்பி வைத்திருப்பவன். பட் ஃபிஷர் என்ற ஓவியர் 1907 நவம்பரில் சான் பிரான்சிஸ்கோ கிரானிக்கிள் பத்திரிகையின் விளையாட்டுப் பக்கத்தில் மட் ஒருவனை மட்டும்தான் முதலில் வரைந்தார். மறுவருடம் மட் ஒரு மனநலக் காப்பகத்தில் ஒரு சின்ன ஆளைச் சந்திக்கிறான். அந்த ஆள் தன்னைக் குத்துச்சண்டை வீரர் ஜெஃப்ரீஸ் என்றே நம்பிக்கொண்டிருப்பவன். ஜெஃப் என்ற பெயர் அங்கிருந்து ஒட்டிக்கொண்டது.

1916-இல் இவர்கள் கார்ட்டூனாகத் திரைக்கு வந்தார்கள். மான்ட்ரியலிலிருந்து நியூயார்க் வந்த ரவுல் பரே, அவரோடு சார்லஸ் பௌவர்ஸ், பிராங்க்ஸ் பகுதியில் ஒரு ஸ்டூடியோ. நடுவில் ஒருமுறை நின்று, திரும்பத் தொடங்கி, 1926 வரை ஏறக்குறைய 300 குறும்படங்கள்.

கிடைத்தவற்றைத் தொடர்ந்து பார்த்ததில் எனக்கு ஒன்று தோன்றுகிறது. இந்த ஜோடியின் நகைச்சுவை, மேடை நடிகர்களைப் பார்த்து வந்ததாக எல்லாரும் எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. ஜெஃப் ஏணியிலிருந்து விழுந்து, எழுந்து, மறுபடி விழும் நேரம் முழுக்க மட் கையை இடுப்பில் வைத்தபடி அசையாமல் நிற்கிறான். கண் இமைகூட அசைவதில்லை. சிரிப்பு அங்கேதான் வருகிறது. ஆனால் அவன் நிற்பது நகைச்சுவைக்காக இல்லை, வரைகிறவன் கை வலிக்காமல் இருக்கத்தான் என்பது என் வாதம். காகிதத்தை மிச்சப்படுத்தப் போய்த்தான் இந்த அசையாத கூட்டாளி பிறந்திருக்கிறான்.

ஒத்துக்கொள்ளாதவர்கள் வாருங்கள்.

---

மாலைக்காட்சி எழுதியது:

நான் இந்த விஷயத்துக்குப் புதுசு. உங்கள் பதிவைப் படித்துவிட்டு யூடியூபில் மட் - ஜெஃப் தேடிப் பார்த்தேன். கலரில் கிடைத்தது. உண்மையைச் சொன்னால் தூக்கம் வந்துவிட்டது. உருவங்கள் ஏதோ மிதப்பதுபோல் நகர்கின்றன, அடி விழுகிறது, யாருக்கும் வலிக்கவில்லை. இதிலா அவ்வளவு சிரித்தார்கள்?

---

சுருள்பெட்டி எழுதியது:

மாலைக்காட்சி, நீங்கள் பார்த்தது மூலம் இல்லை. தொலைக்காட்சியில் கறுப்பு வெள்ளை விலைபோகாத காலத்தில், 1970-களில், பழைய படங்களைக் கொரியாவுக்கு அனுப்பிச் சட்டகத்துக்கு (ஃபிரேம்) மேல் சட்டகம் வைத்து வரையச் செய்து வண்ணம் பூசினார்கள். எல்லாச் சட்டகத்தையும் வரையவில்லை, செலவு மிச்சம். வேகமான அசைவில் எது முக்கியமோ அதுவே பல இடத்தில் காணாமல் போனது. அதற்கு மேல் எங்கிருந்தோ எடுத்த இசை, டொய்ங் டொய்ங் என்று சத்தம்.

கறுப்பு வெள்ளையில் 1926-ஆம் வருடத்துப் படம் ஒன்று இருக்கிறது, இருவரும் துப்பறிவாளர்களாக வருவது. ஸ்லிக் ஸ்லூத்ஸ் என்று தேடுங்கள். உருமாறி உருமாறித் தப்பிக்கும் ஒரு திருடன் பின்னால் ஓடுகிறார்கள். அதன் கலர்ப் பதிப்பும் கிடக்கிறது, ஏமாந்துவிடாதீர்கள்.

---

பெக்பார் எழுதியது:

இருபரிமாண அனிமேஷனில்தான் எனக்குச் சோறு. அதனால் சுருள்பெட்டி சொன்னதைத் தொழில் பக்கமிருந்து பார்க்கிறேன்.

முதலில் ஒரு கணக்கு. 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகம். அரைச் சுருள் கார்ட்டூன் 500 அடி என்று வைத்தால் 8,000 சட்டகம். ஒரு படத்தை இரண்டு சட்டகத்துக்கு நிறுத்தினாலும் 4,000 படம் வேண்டும். வாரம் ஒரு கார்ட்டூன். ஸ்டூடியோவில் இருந்தவர்களோ விரல்விட்டு எண்ணக்கூடிய கூட்டம். வின்சர் மெக்கே 1914-இல் டைனோசர் ஜெர்டியை வரைந்தபோது ஒவ்வொரு படத்திலும் மலையையும் மரத்தையும் சேர்த்தே மறுபடி மறுபடி வரைய வேண்டியிருந்தது. அதற்கென்றே ஓர் உதவியாள் உட்கார்ந்திருந்தார். அப்படிச் செய்தால் வாரம் ஒன்று எங்கே, வருடம் ஒன்றே பெரிய விஷயம்.

இந்தத் தலைவலிக்கு இரண்டு மருந்து வந்தது. ஒன்று எர்ல் ஹர்ட் 1915-இல் காப்புரிமை வாங்கிய செல்லுலாய்டு தாள். பின்னணி ஒரு தாளில், உருவம் மேலே கண்ணாடி மாதிரித் தாளில். அந்த உரிமையை ஜே.ஆர். பிரே என்ற முதலாளியோடு சேர்த்து ஒரு நிறுவனமாக்கிவிட்டார்கள். வேறு யார் அந்த முறையில் செய்தாலும் கட்டணம் கட்ட வேண்டும்.

இரண்டாவது மருந்து ரவுல் பரேயுடையது, கிழிப்பு முறை. காசு கொடுக்க வேண்டியதில்லை, வெறும் காகிதம் போதும். அசையாத பொருளை எல்லாம் ஒரு தாளில் வரைகிறீர்கள். அசைகிற உருவத்தை இன்னொரு தாளில் வரைந்து, அந்தத் தாளின் வேண்டாத பகுதியைக் கிழித்து எறிகிறீர்கள். கிழித்த இடம் வழியாக அடியில் இருக்கும் படம் தெரியும். மேலே கண்ணாடியை வைத்து அழுத்திப் படம்பிடித்தால், வெள்ளைக் காகிதத்தின் கிழிசல் ஓரம் வெளிச்சத்தில் மறைந்துவிடும். தாள் நகராமல் இருக்க விளிம்பில் துளை போட்டுக் குமிழில் (பெக்) மாட்டும் பழக்கமும் பரே ஸ்டூடியோவில் வந்ததுதான். என் பெயர் எங்கிருந்து வந்தது என்று கேட்டவர்களுக்கும் இதுவே பதில்.

இப்போது இந்த முறையில் இரண்டு பேர் பேசிக்கொள்ளும் காட்சியை யோசியுங்கள். மட், ஜெஃப் இருவரும் அசைகிறார்கள் என்றால் ஒவ்வொரு சட்டகத்துக்கும் இரண்டு பேரையும் வரைய வேண்டும். மட் நிற்கட்டும், ஜெஃப் ஆடட்டும் என்று முடிவு செய்தால் மட் பின்னணித் தாளுக்குப் போய்விடுவான். நாற்காலி, கதவு, மட் எல்லாம் ஒரே தாளில். ஒருமுறை வரைந்தால் முடிந்தது. நாங்கள் இதை இன்றும் ஹோல்டு என்றுதான் சொல்கிறோம். அப்புறம் முறை மாறும், ஜெஃப் அடித்தாளுக்குப் போவான், மட் கத்துவான். ஆடுபவன் ஒரு நேரத்தில் ஒருவன்தான்.

அதைவிட வேடிக்கை, இருவரும் கட்டிப்புரண்டு சண்டை போடும் இடம். இரண்டு உடம்பும் ஒன்றின் மேல் ஒன்று வந்தால் கிழிப்பு முறை திணறும். அதற்குத்தான் புழுதி மேகம். ஒரு சுருட்டைப் பந்து, அதிலிருந்து ஒரு கால், ஒரு தொப்பி, நாலு நட்சத்திரம் வெளியே வரும். மூன்று நான்கு படத்தைச் சுற்றிச் சுற்றிப் போட்டால் பத்து விநாடி ஓடிவிடும். காமிக்ஸில் ஏற்கெனவே இருந்த குறிதான், ஆனால் கார்ட்டூன்காரன் அதைக் கட்டிப்பிடித்துக்கொண்டதற்குக் காரணம் தெரிகிறது இல்லையா?

---

கொட்டகைக்காரர் எழுதியது:

பெக்பார் சொன்ன தொழில்நுட்பம் அருமை. ஆனால் அதிலிருந்து சுருள்பெட்டி எடுக்கும் முடிவு வண்டியைக் குதிரைக்கு முன்னால் பூட்டுகிற கதை.

நெட்டையன் குட்டையனை மிரட்டுவது மேடைக்காரர்கள் கண்டுபிடித்தது. வெபர் - ஃபீல்ட்ஸ் என்று நியூயார்க்கில் ஒரு ஜோடி, 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் வாடவில் என்ற பலவகைக் கேளிக்கை மேடைகளைக் கலக்கியவர்கள். ஃபீல்ட்ஸ் உயரம், ஒல்லி. வெபர் குட்டை, உடம்புக்குள் பஞ்சு வைத்துத் தைத்த சட்டை. ஃபீல்ட்ஸ் வெபரைக் கழுத்தைப் பிடிப்பார், உதைப்பார், கண்ணில் குத்துவார். வெபர் பரிதாபமாகப் பார்ப்பார், கொட்டகை அதிரும். மட் - ஜெஃப் பத்திரிகையில் ஒன்றுசேர்ந்ததே 1908-இல், படம் அசைவதற்கு எட்டு வருடம் முன்னால். அப்போது எந்தக் காகிதத்தை மிச்சம் பிடித்தார்கள்?

மேடையிலும் ஒருவர் ஆடும்போது மற்றவர் நிற்பார். பார்வையாளன் கண் ஒரு நேரத்தில் ஒரு பக்கம்தான் போகும். ரெண்டு பேரும் குதித்தால் எதைப் பார்ப்பது? இது ஆதிகாலத்துப் பாடம்.

---

சுருள்பெட்டி எழுதியது:

ஐயா, ஜோடி எங்கிருந்து வந்தது என்பது வேறு, திரையில் எப்படி உருவெடுத்தது என்பது வேறு. மேடையில் நிற்கும் நடிகர் மூச்சு விடுவார், விழி உருளும், வாயோரம் துடிக்கும். மட் நிற்கும்போது செத்த மரம். மேடையில் எந்த மனிதனாலும் அப்படி நிற்க முடியாது. அதனால்தான் அது வேறு வகைச் சிரிப்பு என்கிறேன்.

இன்னொன்றும் பாருங்கள். அதே 1916-இல் ஹர்ஸ்ட் பத்திரிகைக் குழுமம் கிரேஸி கேட் - இக்னட்ஸ் ஜோடியையும் படமாக்கியது. பூனைக்கு எலி மேல் காதல், எலி பதிலுக்குச் செங்கல்லைத் தூக்கி எறியும். அடிதடிக்கு இதைவிடத் தோதான சரக்கு உண்டா? ஆனால் படங்கள் சப்பென்று இருக்கும். ஜார்ஜ் ஹெரிமன் பத்திரிகையில் எழுதிய அந்தக் கோணல் பேச்சும், கட்டத்துக்குக் கட்டம் மாறும் பாலைவனமும்தான் அந்த ஜோடியின் உயிர். படத்தை எடுத்தவர் ஹெரிமனும் இல்லை. பேச்சு போனதும் வெறும் செங்கல் மிஞ்சியது. மேடையிலோ பத்திரிகையிலோ நன்றாக இருந்த ஜோடி அப்படியே திரையிலும் வேலை செய்யும் என்றால் இது ஏன் தோற்றது?

---

மைப்புட்டி எழுதியது:

நீங்கள் எல்லாரும் பிராங்க்ஸிலேயே நிற்கிறீர்கள். மௌனகாலத்தின் உண்மையான ஜோடி ஓவியர் மேக்ஸ் ஃப்ளைஷரும் கோமாளி கோகோவும்தான். ஒருவர் ரத்தமும் சதையும், இன்னொருவன் மை.

ரோட்டோஸ்கோப் தெரிந்திருக்கும். உயிருள்ள ஆளைப் படம்பிடித்து, ஒவ்வொரு சட்டகமாகக் கண்ணாடியில் விழவைத்து, மேலே வரைவது. 1915-இல் விண்ணப்பித்து 1917-இல் காப்புரிமை கிடைத்தது. மேக்ஸின் தம்பி டேவ் கோமாளி உடுப்பில் ஆடினார், அவர்தான் கோகோவின் உடம்பு. படம் இப்படி ஆரம்பிக்கும்: மேக்ஸ் மேசைக்கு வருவார், பேனாவை மையில் முக்குவார், ஒரு துளியிலிருந்து கோமாளி எழுவான். பிறகு அவன் தாளை விட்டு இறங்கி நிஜமான அறையில் அட்டகாசம் செய்வான். கடைசியில் மைப்புட்டிக்குள் திரும்பப் போவான். 1921-இல் வந்த மாடலிங் என்ற படத்தில் பக்கத்தில் ஒரு சிற்பி பெரிய மூக்குக்கார வாடிக்கையாளரின் தலையைக் களிமண்ணில் செய்துகொண்டிருப்பார். கோகோ காகிதத்துப் பனியில் சறுக்கிக்கொண்டிருந்தவன் வெளியே குதித்து அந்தக் களிமண்ணில் புகுந்துவிடுவான். களிமண் தானாக ஊரும். நூறு வருடம் கழித்தும் அந்த இடத்தில் வாய் பிளக்கிறேன்.

அடிதடி ஜோடி என்றால் அடிப்பவன், அடிவாங்குபவன் என்று இருவர் வேண்டும். இங்கே மேக்ஸ் அழிப்பானை வைத்திருக்கிறார், கோகோவிடம் குறும்பு மட்டும்தான். முதலாளியும் வேலைக்காரனும் மாதிரி. பலம் முழுக்க ஒரு பக்கம் இருப்பதால்தான் சின்னவன் ஜெயிக்கும்போது நமக்குக் குளிர்கிறது.

1923-இல் ஃபிட்ஸ் என்ற நாய் வந்து சேர்ந்தது. அதைக் கொண்டுவந்தவர் டிக் ஹ்யூமர். அவர் அதுவரை எங்கே இருந்தார் தெரியுமா? மட் - ஜெஃப் ஸ்டூடியோவில். வந்ததும் கோகோவின் உருவத்தை மாற்றினார், ரோட்டோஸ்கோப்பின் பிடியைத் தளர்த்தினார், கூடவே ஒரு நாலுகால் ஜெஃப். சுருள்பெட்டிக்கு இது இனிக்கும்.

ஃபிட்ஸ் என்ன செய்யும் என்பதற்கு 1928-இல் வந்த கோகோவின் பூமிக் கட்டுப்பாட்டுப் படம் போதும். இருவரும் உலகத்தின் விளிம்புக்கு வந்து, பூமியை இயக்கும் ஓர் அறைக்குள் நுழைகிறார்கள். கோகோ நெம்புகோல்களை இழுத்து மழை, பகல், இரவு என்று விளையாடுகிறான். ஒரு நெம்புகோலுக்கு மேல் மட்டும் எச்சரிக்கைப் பலகை: இதை இழுத்தால் உலகம் அழியும். ஃபிட்ஸ் அதைப் பார்த்துவிடுகிறது. போகப் பார்க்கிறது, திரும்பி வருகிறது, கோகோ தடுக்கிறான், அதுவும் தன்னை அடக்கப் பார்க்கிறது. முடியவில்லை. இழுத்துவிடுகிறது. அதன் பிறகு வருவது கார்ட்டூன் இல்லை, நிஜ நியூயார்க்! கட்டடங்கள் சாய்கின்றன, தெரு தலைகீழாகிறது. கேமராவைச் சாய்த்து எடுத்த சின்னத் தந்திரம்தான். ஆனால் ஒரு நாயின் அரிப்பால் ஊரே சாய்வதைப் பார்க்கும்போது சிரிப்போடு கொஞ்சம் பயமும் வரும்.

அங்கே யாரும் மரம்போல் நிற்கவில்லை என்பதையும் கவனியுங்கள். ஃபிட்ஸின் தவிப்பே நகைச்சுவை. காகித மிச்சக் கொள்கை இந்தப் படத்துக்குச் செல்லாது.

---

கொட்டகைக்காரர் எழுதியது:

மைப்புட்டி சொல்வது சரி. ஆனால் மனிதனுக்கு நாய் என்ற ஜோடியை ஃப்ளைஷர் கண்டுபிடித்ததாக நினைக்க வேண்டாம். செல்லுலாய்டு காப்புரிமைக்காரர் எர்ல் ஹர்டே 1915-இலிருந்து பாபி பம்ப்ஸ் என்ற சிறுவனையும் அவன் நாய் ஃபைடோவையும் வைத்துப் படம் எடுத்தார். அதிலும் சில படங்களில் ஓவியரின் கை உள்ளே வரும். வால்டர் லான்ட்ஸ் 1924-இல் டிங்கி டூடில் என்ற பையனையும் வீக்ஹார்ட் என்ற நாயையும் தொடங்கி, தானே நடித்து அவர்களோடு துரத்திப்பிடித்து விளையாடினார். அப்போது ஸ்ட்ராங்ஹார்ட் என்று ஒரு ஜெர்மன் ஷெப்பர்டு நாய் ஹாலிவுட்டில் பெரிய நட்சத்திரம். அதைக் கிண்டல் செய்துதான் இந்தப் பெயர்.

டிஸ்னி 1923-இல் இதைத் தலைகீழாக்கினார். நிஜச் சிறுமி ஆலிஸ், கார்ட்டூன் உலகத்துக்குள். அவளுக்குத் துணை ஜூலியஸ் என்ற பூனை. ஃபீலிக்ஸின் நகல் என்று சொன்னால் யாரும் கோபிக்க மாட்டார்கள். பாதிப் படத்துக்குமேல் ஆலிஸ் ஓரமாக நின்று கைதட்டுவாள், பூனைதான் வேலை பார்க்கும். சுருள்பெட்டியின் மரம்போல் நிற்கும் கூட்டாளி இங்கே நிஜ உடம்போடு வருகிறாள். அவளை வரையவே வேண்டாம், சரிதானே.

---

நெறியாளர் எழுதியது:

கவுண்டமணி - செந்தில் ஒப்பீடுகளை அதற்கான இழைக்கு மாற்றியிருக்கிறேன். அங்கே தொடருங்கள். இங்கே 1929-க்கு முந்தைய கார்ட்டூன் மட்டும்.

---

மாலைக்காட்சி எழுதியது:

நெறியாளருக்கு நன்றி, நல்லவேளை நான் போட்டதும் போய்விட்டது.

கறுப்பு வெள்ளைத் துப்பறிவாளர் படத்தைப் பார்த்தேன். முந்தையதற்கும் இதற்கும் மலைக்கும் மடுவுக்கும் வித்தியாசம். ஆனாலும் ஒரு குறை. எல்லாம் படபடவென்று ஓடுகிறது. அடி விழுவதற்குள் அடுத்த அடி. அந்தக் காலத்தில் இப்படித்தான் பார்த்தார்களா?

---

பெக்பார் எழுதியது:

இல்லை. நாம் பார்க்கும் பல பதிப்புகள் விநாடிக்கு 24 சட்டகத்தில் ஓடுகின்றன. அது ஒலி வந்த பிறகு நிலைத்த வேகம். மௌனகாலத்தில் ஒரே வேகம் என்று கிடையாது. கேமராவும் கையால் சுற்றியது, ஓட்டுகிறவரும் காட்சி நேரத்துக்குத் தக்கபடி கூட்டிக் குறைப்பார். பொதுவாக 24-ஐவிட மெதுவு.

ஹோல்டு விஷயத்தில் இது பெரிய சேதம். ஜெஃப் தலையில் பூந்தொட்டி விழுகிறது. விழுந்ததும் அவன் உடனே அலற மாட்டான். 16 சட்டகம் சும்மா நிற்பான் என்று வைத்துக்கொள்ளுங்கள். 16 வேகத்தில் ஓட்டினால் அது முழுசாக ஒரு விநாடி. கொட்டகை அந்த ஒரு விநாடியில்தான் சிரிக்க ஆரம்பிக்கும். 24-இல் ஓட்டினால் மூன்றில் இரண்டு விநாடிதான். சிரிக்க வாய் திறப்பதற்குள் அவன் ஓடிவிடுவான். பிளேயரில் வேகத்தை 0.75 வைத்துப் பாருங்கள். இசை நாராசமாக இருக்கும், ஒலியை அணைத்துவிடுங்கள், எப்படியும் அது பிற்காலத்தில் ஒட்டியதுதான்.

மைப்புட்டிக்கு ஒரு வார்த்தை. ஃபிட்ஸ் தவிக்கிற காட்சியில் கோகோ எத்தனை சட்டகம் அசைகிறான் என்று நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். ஹ்யூமர் போன்றவர்களின் திறமை அங்கே இருக்கிறது. முக்கியமான நிலைகளை மட்டும் அவர் வரைவார், இடைப்பட்ட படங்களை ஆர்ட் டேவிஸ் நிரப்புவார். இன்றைக்கு இன்பிட்வீனர் என்கிறோமே, அந்த வேலை அந்த மேசையில்தான் உருவானதாகச் சொல்வார்கள். ஆள் கூடினால் அசைவும் கூடும். அப்போதுகூட ஒரு நேரத்தில் ஒருவருக்குத்தான் முழு அசைவு.

---

மைப்புட்டி எழுதியது:

பார்த்தேன். கோகோ நிற்கிறான்தான். ஆனால் கை விரலை ஆட்டி எச்சரித்துக்கொண்டு நிற்கிறான், மட் மாதிரி ஜடமாக இல்லை. இது பாதி வெற்றிகூட இல்லை உங்களுக்கு, கால்வாசி.

அப்புறம் ஃபீலிக்ஸை ஏன் யாரும் இழுக்கவில்லை? 1919-இல் வந்து இத்தனை ஜோடிகளையும் ஓரங்கட்டியவன் தனி ஆள். அவனை வரைந்த ஓட்டோ மெஸ்மர் அதற்கு முன் சாப்ளினைக் கார்ட்டூனாக வரைந்தவர். அதற்காகச் சாப்ளினே தன் புகைப்படங்களை அனுப்பிவைத்தார். நடை, தோள், முதுகைக் காட்டிக்கொண்டு யோசிப்பது எல்லாம் அங்கே கற்றது. ஃபீலிக்ஸுக்கு வால்தான் கூட்டாளி. கழற்றினால் மட்டை, வளைத்தால் கேள்விக்குறி, நிமிர்த்தினால் ஏணி. காகித மிச்சம்தான் முக்கியம் என்றால் ஒருவனை வரைவது இருவரை வரைவதைவிட மலிவு. சுருள்பெட்டி பதில் சொல்லட்டும்.

---

சுருள்பெட்டி எழுதியது:

நல்ல கேள்வி. தனி ஆள் என்றால் அவன் எந்நேரமும் அசைய வேண்டும். இல்லாவிட்டால் திரையே செத்துவிடும். ஃபீலிக்ஸ் முன்னும் பின்னும் நடந்து நடந்து யோசிப்பானே, அந்த நடை பெக்பார் மொழியில் ஒரு சைக்கிள். சில படங்களைச் சுற்றி விடுவது. அது மெஸ்மர் கண்ட வழி. மட் - ஜெஃப் வழி வேறு. இரண்டுமே வாராவாரப் பசிக்குக் கண்ட வழிகள்தான்.

இந்தக் காகித விவகாரத்தை அந்த ஜோடியே கிண்டல் செய்திருக்கிறது. 1920-இல் வந்த ஆன் ஸ்ட்ரைக். பட் ஃபிஷர் நிஜ மனிதராகவே திரையில் வருகிறார். அவர் சொகுசாக வாழ்வதைப் பார்த்த மட், ஜெஃப் இருவரும் பங்கு கூட வேண்டும், வேலை நேரம் குறைய வேண்டும் என்று வேலைநிறுத்தம் செய்கிறார்கள். அவர் மசியவில்லை. சரி, நாங்களே எங்கள் கார்ட்டூனை எடுக்கிறோம் என்று இருவரும் உட்கார்ந்து வரைகிறார்கள். தாள் மேல் தாள், தாள் மேல் தாள். கடைசியில் வரும் படம் படுமோசம். தலையைச் சொறிந்துகொண்டு முதலாளியிடமே திரும்புகிறார்கள்.

இதில் உள்குத்து ஒன்று. நிஜத்தில் ஃபிஷர் அந்த அசையும் படங்களை வரையவில்லை. தலைப்பு அட்டையில் அவர் பெயர், மேசையில் பரேயின், பௌவர்ஸின் ஆட்கள். கதைப்பலகை என்பதே அந்தக் காலத்தில் கிடையாது. இன்ன இடத்தில் நடக்கிற கதை என்று மேலோட்டமாகப் பேசி, ஆளுக்கு ஒரு பகுதி எடுத்துக்கொண்டு தனித்தனியாக வரைவார்கள். ஒருவர் பகுதியில் ஒல்லியாக இருக்கும் மட் அடுத்தவர் பகுதியில் சற்றுத் தடிப்பது அதனால்தான். அப்படி உழைத்த யாரோ ஒருவர் இந்த வேலைநிறுத்தக் கதையை யோசித்தபோது உள்ளுக்குள் சிரித்திருக்க மாட்டாரா? ஆனால் முடிவில் முதலாளியே ஜெயிக்கிறார். படத்துக்குக் காசு போட்டவர் யார் என்பதும் தெரிகிறது.

---

கொட்டகைக்காரர் எழுதியது:

இதைப் பற்றி இவ்வளவு பேசுகிறோம், ஆனால் 300-இல் நம் கண்ணில் படுவது சொற்பம். நைட்ரேட் சுருள், வைத்தாலும் கெடும், பற்றினாலும் அணையாது. மட் - ஜெஃப் படங்களில் பலவற்றை ஃபாக்ஸ் நிறுவனம் வெளியிட்டது. 1937-இல் நியூ ஜெர்சியின் லிட்டில் ஃபெரியில் ஃபாக்ஸின் சேமிப்புக் கிடங்கு எரிந்தபோது அவர்களின் பேசாப்படங்களில் பெரும்பகுதி போனது. கார்ட்டூன்கள் கொஞ்சமாவது தப்பியதற்குக் காரணம் வீட்டுப் புரொஜெக்டர்கள். குழந்தைகளுக்குக் காட்ட 16 மில்லிமீட்டரிலும் 9.5 மில்லிமீட்டரிலும் விற்றார்களே, அந்தப் பிரதிகள். முழுநீளப் படங்களைப் பெரிய மனிதர்கள் தொலைத்தார்கள், கார்ட்டூனைப் பரண்கள் காப்பாற்றின.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். கிடைப்பதில் சிலவற்றை இன்று குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்க முடியாது. கறுப்பின மக்களையும் சீனர்களையும் வரைந்திருக்கும் விதம் அப்படி. முன்கூட்டியே பார்த்துவிட்டுக் காட்டுங்கள்.

---

மைப்புட்டி எழுதியது:

பௌவர்ஸ் பெயர் அடிபட்டது, அவரை அப்படியே விட மனம் வரவில்லை. மட் - ஜெஃப் முடிகிற 1926-இல் அவர் தானே நடிக்க வந்துவிட்டார். நிஜ நடிப்பும் பொம்மை அனிமேஷனும் கலந்த இரண்டு சுருள் நகைச்சுவைப் படங்கள். எக்டு ஆன் படத்தில் உடையாத முட்டை செய்யும் இயந்திரம் ஒன்று. காரின் இன்ஜினுக்குப் பக்கத்தில் வைத்த முட்டைகள் பொரிந்து குட்டிக் குட்டிக் கார்களாக வெளியே வரும். பிரான்சில் அவருக்குப் பிரிக்கோலோ என்று பெயர். 1930-இல் வந்த இட்ஸ் எ பேர்டு படத்தில் இரும்பைத் தின்னும் பறவை வரும். சர்ரியலிஸ்ட் கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோனுக்கு அது மிகப் பிடித்த படங்களில் ஒன்று. இப்போது வட்டில் கிடைக்கிறது. வருடக்கணக்காக நெட்டையனும் குட்டையனும் அடித்துக்கொள்வதை மேற்பார்த்த ஆள், விட்டால் போதும் என்று எங்கே பாய்ந்தார் பாருங்கள்.

---

மாலைக்காட்சி எழுதியது:

0.75 வேகம் வேலை செய்கிறது. பூந்தொட்டி இல்லை, வேறு ஏதோ விழுந்தது, ஆனால் அந்த ஒரு விநாடி நிற்பது புரிந்தது. வீட்டில் எட்டிப் பார்த்தவர்களும் சிரித்தார்கள்.

ஒரு சந்தேகம். தேடும்போது டாம் - ஜெர்ரி என்று ஒரு நெட்டை குட்டை மனித ஜோடி வந்தது. பூனையும் எலியும் இல்லை. இது என்ன போலியா?

---

கொட்டகைக்காரர் எழுதியது:

போலி இல்லை, மூத்தவர்கள். வான் பியூரன் ஸ்டூடியோ, 1931 முதல் 1933 வரை. நெறியாளர் மன்னிப்பாராக, இது பேசும்படம். மட் - ஜெஃப் அச்சில் வார்த்த ஜோடி என்பது பார்த்ததுமே தெரியும். பூனையும் எலியும் 1940-இல்தான் வந்தார்கள். அவர்களைப் படைத்த இருவரில் ஒருவரான ஜோசஃப் பார்பெரா இளம் வயதில் வேலை பார்த்தது இதே வான் பியூரனில். பிற்பாடு குழப்பம் வராமலிருக்க இந்த மனிதர்களுக்கு டிக் - லாரி என்று பெயரை மாற்றி விற்றார்கள்.

அதில் ஒன்றைக் கவனியுங்கள். நெட்டையன் சும்மா நிற்கிற இடத்திலும் முழங்காலை மடக்கி மடக்கித் தாளத்துக்கு ஆடிக்கொண்டே இருப்பான். ஒலி வந்ததும் யாரும் சும்மா நிற்கக் கூடாது என்று ஆகிவிட்டது. சுருள்பெட்டியின் கட்சிக்கு ஆதரவாக நான் தரக்கூடியது இவ்வளவுதான்.

---

பெக்பார் எழுதியது:

ஆமாம், அந்த ஆட்டமும் ஒரு சைக்கிள்தான். செல்லுலாய்டு வந்துவிட்டது, ஆட்களும் கூடிவிட்டார்கள், ஆட வைக்கக் காசு இருந்தது.

---

மாலைக்காட்சி எழுதியது:

டிக் - லாரி என்று தேடினால் யாரோ இரண்டு பேர் கிடார் வாசிக்கிறார்கள். வான் பியூரன் பெயரையும் சேர்த்துத் தேடுகிறேன். கிடைத்ததும் சொல்கிறேன்.